மாம்பலத்து ஏரி

ரயில் சைதாப்பேட்டையை விட்டுக் கிளம்பியதும், மடியில் உட்கார்ந்து ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருக்கும் என் மகளின் வலது காதருகே குனிந்து, "ஏரி" என்பேன். "இங்க ஏரி இருந்துச்சு. பெரிய ஏரி." ஜன்னலுக்கு வெளியே ஏரி எதுவும் இருக்காது. வீடுகளின் பின்சுவர்கள், மாடிகளில் காயும் துணிகள், சுவரை ஒட்டிக் குப்பை, பிறகு மாம்பலம் நிலையத்தின் கூட்டம். இல்லாத ஒன்றைக் குழந்தைக்குச் சொல்லிக்கொடுப்பது சரியா என்று ஒவ்வொரு முறையும் யோசிப்பேன். யோசித்துவிட்டுச் சொல்வேன்.

அவளுக்கு அப்போது மூன்று வயது நடந்துகொண்டிருந்தது. இரண்டு காதிலும் கருவி பொருத்திச் சில நாட்கள்தான் ஆகியிருந்தன. பிறந்ததிலிருந்தே அவளுக்குக் காது கேட்காது. அது எங்களுக்குத் தெரிய இரண்டரை வருடம் ஆனது. எப்படித் தெரியாமல் போகும் என்று கேட்காதவர்கள் இல்லை. நெசவு வீட்டில் போகும் என்பதுதான் என் பதில்.

பெரிய காஞ்சிபுரத்தில் எங்கள் வீட்டில் இரண்டு தறி. ஒன்றில் மாமனார், இன்னொன்றில் என் கணவர். இரண்டும் குழித்தறி. நெய்பவர் தரையில் தோண்டிய பள்ளத்துக்குள் காலை விட்டு உட்கார்ந்து மிதிக்க வேண்டும். குறுக்கே ஒவ்வொரு ஊடைநூல் ஓடியதும் பலகையை இழுத்து அடிப்பார்கள். அந்த அடி காதுக்கு வருவதற்கு முன் தரைக்கு வந்துவிடும். சமையல் மேடையில் வைத்த தம்ளரில் தண்ணீர் நடுங்கும். என் பிறந்த வீடு பக்கத்தில் ஓரிக்கையில். அங்கேயும் தறிதான். அதனால் எனக்கு இதெல்லாம் பெரிதாகத் தோன்றியதே இல்லை.

மகள் எப்போதும் தரையில்தான் கிடந்தாள், தவழ்ந்தாள், உட்கார்ந்து விளையாடினாள். தறி நின்றால் உடனே திரும்பிப் பார்ப்பாள். ஓடத் தொடங்கினால் சிரிப்பாள். தூக்கத்தில் இருக்கும்போது தறி நின்றுவிட்டால் விழித்துக்கொண்டு அழுவாள். "பாம்புச் செவிமா இதுக்கு" என்று மாமனார் பெருமையாகச் சொல்வார். அக்கம்பக்கத்திலும் சொல்லி வைத்திருந்தார். தறி ஓடும் வீட்டில் கத்துவதைவிடக் கையைக் காட்டுவது எளிது. சாப்பிட வா, பால் காய்ந்துவிட்டது, வாசலில் ஆள் நிற்கிறது, எல்லாவற்றுக்கும் எங்களிடம் ஜாடை உண்டு. மகள் அத்தனை ஜாடைகளையும் சீக்கிரமே கற்றுக்கொண்டாள். புத்திசாலிக் குழந்தை, பேச்சு மட்டும் கொஞ்சம் தாமதம் என்று நினைத்துக்கொண்டோம்.

ஒருநாள் பேருந்து நிலையத்தில் அவளை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றிருந்தேன். முதுகுக்குப் பின்னால் வந்து நின்ற பேருந்து ஹாரன் அடித்தது. நான் துள்ளிவிட்டேன். பக்கத்தில் நின்றவர் டிரைவரைத் திட்டினார். மகள் என் தாலிச் சரட்டை விரலில் சுற்றிக்கொண்டே இருந்தாள். இமைகூட அசையவில்லை.

வீட்டுக்கு வந்ததும் கணவரைத் தறியில் உட்காரச் சொன்னேன். மகளைத் தூக்கி என் தோளில் போட்டுக்கொண்டு, அவள் முகம் சுவரைப் பார்க்கும்படி நின்றேன். "ஓட்டுங்க." ஓட்டினார். "நிறுத்துங்க." நிறுத்தினார். அவள் திரும்பவில்லை. மறுபடியும் செய்தோம். திரும்பவில்லை. பிறகு அவளைத் தரையில் இறக்கிவிட்டேன். தறி ஓடியது. உடனே திரும்பிச் சிரித்தாள். கணவர் தறிக் குழியைவிட்டு எழுந்திருக்கவே இல்லை. வெகுநேரம் பலகையைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தார்.

சென்னையில் எழும்பூர் நிலையத்திலிருந்து நடந்து போகும் தூரத்தில் ஒரு பயிற்சி மையம். பேச்சுப் பயிற்சி கொடுக்கும் மேடம் என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவராக இருப்பார். முதல் நாளே தெளிவாகச் சொன்னார்.

"ஆறு மாசம் பார்ப்போம்மா. அதுக்குள்ள ஒரு வார்த்தையாவது காதால கேட்டு, புரிஞ்சு, அவளா சொல்லணும். வரலைன்னா இந்த மெஷின் பத்தலைன்னு அர்த்தம். அப்புறம் காதுக்குள்ள கருவி வைக்கிற ஆபரேஷன் பத்தி யோசிக்கணும்."

"ஆறு மாசத்துல எப்படி மேடம்?"

"பேசிக்கிட்டே இருங்க. வீட்ல, ரோட்ல, ரயில்ல. உங்க வாயை அவ பாக்கக் கூடாது. பின்னாடி உட்கார்ந்து காதுகிட்ட சொல்லுங்க. ஒரே இடத்துல ஒரே வார்த்தை. கை ஜாடை வேண்டவே வேண்டாம்."

கை ஜாடை வேண்டாம் என்பது எங்கள் வீட்டுக்கு எவ்வளவு பெரிய கட்டளை என்பது அவருக்குத் தெரிய வாய்ப்பில்லை.

தினமும் மாலையில் ஒரு மணி நேரம் இரண்டு தறிகளும் நிற்க வேண்டும் என்று கேட்டேன். அந்த வீட்டுக்கு மருமகளாக வந்த பிறகு நான் கேட்ட முதல் பெரிய காரியம் அதுதான். மாமனார் நூலிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"தறி நின்னா பாப்பா அழும்மா. உனக்குத் தெரியாதா?"

"அழட்டும் மாமா."

"நீ படிச்ச பொண்ணு. நான் இன்னா சொல்றது. பேச்சு வர்ற நேரத்துல வரும்."

கணவர்தான் தன் தறியை விட்டு முதலில் மேலே ஏறி வந்தார். "ஒரு மணி நேரம்தானேபா" என்றார். அன்றைக்கு மகள் அழுதாள். மறுநாளும் அழுதாள். நான் செய்வது தப்போ என்று எனக்கும் அழுகை வந்தது. மூன்றாம் நாளும் தறி நின்றது.

ரயிலுக்கு வருகிறேன். வாரம் இரண்டு நாள் பயிற்சி. காஞ்சிபுரத்திலிருந்து எழும்பூர் வரை ஏறக்குறைய இரண்டரை மணி நேரம். போக வரச் சேர்த்தால் ஐந்து. இவ்வளவு நேரம் ஒரு குழந்தையின் காதில் என்ன பேசுவது? நான் வரலாறு படித்தவள். பட்டத்தைப் பெட்டியில் வைத்துவிட்டு வீட்டு வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். இப்போது அதை வெளியே எடுத்தேன்.

செங்கல்பட்டு வரை எளிது. பாலாறு ஓர் ஓரமாகக் கூடவே வரும். வருடத்தில் பாதி நாள் அது மணல்தான். "மணல்" என்பேன். செங்கல்பட்டை விட்டதும் கொளவாய் ஏரி கண் நிறையத் தெரியும். "ஏரி" என்பேன். வண்டலூரில் "மரம்". பல்லாவரத்தில் "மலை". எங்கள் காஞ்சியில் இருந்து ஆண்டவர்களின் பெயர் அந்த ஊரில் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. குன்றைக் குடைந்து அவர்கள் செய்த குகை ஒன்றும் அங்கே உண்டு. அவளுக்கு அதெல்லாம் எதற்கு? ஆனாலும் "மலை" என்று சொல்லும்போது எனக்கு அது தெரிந்திருந்தால் குரலில் கொஞ்சம் உயிர் வந்தது. அதனால் நூலகத்திலிருந்து மறுபடியும் புத்தகங்கள் எடுத்துப் படித்தேன்.

படிக்கப் படிக்க ஒன்று புரிந்தது. இந்தப் பெருநகரம் எங்களுக்கு அந்நியமே அல்ல. எங்கள் பக்கத்து ஆறுகள் ஆண்டு முழுக்க ஓடுபவை அல்ல. அதனால் இந்தத் தொண்டை நாட்டு மக்கள் மழையை ஏரிகளில் பிடித்து வைத்தார்கள். ஓர் ஏரி நிரம்பினால் கலங்கல் என்னும் வடிகால் வழியாக அடுத்த ஏரிக்கு. அப்படியே சரிந்து சரிந்து கடல்வரை. அந்தச் சரிவின் கடைசி ஊர்கள்தான் எழும்பூர், நுங்கம்பாக்கம், மாம்பலம், மயிலாப்பூர், திருவல்லிக்கேணி எல்லாம். கப்பலில் வந்த வியாபாரிகள் துணி வாங்குவதற்காகவே கடற்கரையில் ஒரு கோட்டை கட்டினார்கள். துணி வேண்டுமென்றால் நெசவாளர் வேண்டும். சுற்று வட்டாரத்திலிருந்து ஆட்களை அழைத்துத் தெரு கொடுத்தார்கள். சாயம் போடுபவர்களுக்கு ஒரு பக்கம், வெளுப்பவர்களுக்கு ஒரு பக்கம். பிறகு கூவத்தின் வளைவில் தறிக்காரர்களுக்கென்றே ஒரு பேட்டை. அது எழும்பூரிலிருந்து ஒரு நடைதான். எங்கள் தெருவில் காலையில் பாவு நீட்டிக் கட்டுவதுபோல அங்கேயும் நூலை நீட்டியிருப்பார்கள். இன்றைக்கு அங்கே வண்டி உதிரிபாகக் கடைகளின் சத்தம். துணிக்காகப் பிறந்த நகரம் என்று யாரும் அதைப் பார்த்துச் சொல்லமாட்டார்கள்.

மாம்பலத்து ஏரியும் அப்படிப் படித்ததுதான். சைதாப்பேட்டை முதல் நுங்கம்பாக்கம் வரை ஊருக்கு மேற்கு எல்லையாக நீளமான ஏரி இருந்தது. ரயில் அதன் ஓரமாகத்தான் ஓடியது. பிறகு ஊர் பெருத்தது. ஏரியை வடித்து மண்ணைப் போட்டு மனை பிரித்தார்கள். அங்கேதான் இன்றைக்குப் பெரிய பட்டுக் கடைகள். என் கணவர் நெய்த சேலை கடைசியில் விற்பனைக்குப் போய்ச் சேர்வது அந்த ஏரியின் மேல்தான்.

மகளிர் பெட்டியில் எங்களுக்குத் துணை ஒரு கீரைக்கார அக்கா. வாலாஜாபாத்தில் கீரை மூட்டைகளோடு ஏறுவார். மாம்பலம் நிலையத்துப் படியருகே உட்கார்ந்து விற்பார். நான் குழந்தையின் காதில் ஓயாமல் பேசுவதை முதல் வாரம் வெறித்துப் பார்த்தார். இரண்டாம் வாரம் கேட்டார்.

"இன்னாமா, கொழந்த காதுல ஜபம் பண்ணிக்கினே வர்ற?"

காரணத்தைச் சொன்னேன். அதற்குப் பிறகு அவரும் தன் பங்குக்கு, "பாப்பா, இது அரக்கீர, இது சிறுகீர, இத்த வாங்கிக்கினு போயி ஒங்கம்மா பழுத்தப்புறம் தூக்கிப் போடுவா" என்று அவள் காதில் சொல்லத் தொடங்கினார். ஏரியைப் பற்றிச் சொன்னபோது அவர் நம்பவில்லை.

"பதினஞ்சு வருசமா அந்தப் படியாண்ட உக்காந்துக்கினு இருக்கறேன். ஒரு குட்டைய கூடப் பாத்ததில்ல."

"அதுக்கும் முன்னாடி அக்கா."

கொஞ்ச நேரம் கீரைக் கட்டை அவிழ்த்துத் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தார். பிறகு, "அதான் மழ பேஞ்சா எங்கேர்ந்து வருதுன்னே தெரியாம வந்து நிக்குதா தண்ணி? எடத்த வுட்டுக் குடுக்க மாட்டேங்குதுமா அது" என்றார். புத்தகங்கள் எதிலும் இவ்வளவு தெளிவாக நான் படிக்கவில்லை.

மூன்றாம் மாதத்தின் கடைசியில் ஓர் அதிசயம் நடந்தது. கிண்டியைத் தாண்டி அடையாற்றுப் பாலம் வந்ததும், நான் "ஆறு" என்றேன். மகள் சட்டென்று தலையை நிமிர்த்தி வெளியே பார்த்தாள். அடுத்த முறையும் அப்படியே. அதற்கடுத்த முறையும். வகுப்புக்குப் போனதும் மேடத்திடம் மூச்சிரைக்கச் சொன்னேன். அவர் சந்தோஷப்படவில்லை. பேனாவை மூடி வைத்தார்.

"பாலத்து மேல போகும்போது ரயில் அதிரும் இல்லம்மா? அடுத்த தடவை நீங்க ஒண்ணுமே சொல்லாம பாருங்க."

அடுத்த முறை பல்லைக் கடித்துக்கொண்டு பேசாமல் இருந்தேன். ரயில் பாலத்தில் ஏறியது. மகள் தலையை நிமிர்த்தி வெளியே பார்த்தாள்.

தறிதான். மறுபடியும் தரையிலிருந்து வந்த அதே தறி. ஒரே தவறை இரண்டாவது முறையும் செய்திருந்தேன்.

அன்று நான் வேறு என்னென்ன சொல்கிறேன் என்று மேடம் கேட்டார். மணல், ஏரி, மரம், மலை என்று சொல்லி வந்து மாம்பலத்து ஏரியையும் சொன்னேன்.

"இல்லாததை எதுக்கும்மா சொல்றீங்க? குழம்பிடுவா. கண்ணு முன்னாடி இருக்கறதை மட்டும் சொல்லுங்க."

சரி என்று தலையாட்டினேன். அவர் படித்தவர், அனுபவசாலி. நான் யார்? ஆனால் நேரே வீட்டுக்குப் போக மனம் வரவில்லை. மகளை அழைத்துக்கொண்டு பஸ் ஏறிக் கடற்கரைக்குப் போனேன். மணலும் தண்ணீரும் பட்டால் கருவி கெட்டுவிடும் என்று கழற்றி டப்பாவில் போட்டேன். அதனால் என் மகள் முதன்முதலில் கடலைப் பார்த்தபோது அவள் காதில் எதுவும் இல்லை. ஈர மணலில் குப்புறப் படுத்துக்கொண்டாள். இரண்டு உள்ளங்கைகளையும் விரித்து வைத்தாள். ஒவ்வொரு அலையும் விழுந்து அடிக்கும்போது சிரித்தாள். அலை இழுத்துக்கொண்டு போகும்போது அடுத்ததற்காகக் காத்திருந்தாள். இந்தக் கரையில் கப்பல் ஒதுங்க இடமே கிடையாது. அந்தக் காலத்தில் துணி மூட்டைகளைச் சிறு படகுகளில் ஏற்றி, இந்த அலையைப் பிளந்து, தூரத்தில் நிற்கும் கப்பலுக்குக் கொண்டு போனார்களாம். எத்தனை மூட்டை நனைந்திருக்கும், எத்தனை படகு கவிழ்ந்திருக்கும். அடுத்த நாளும் மூட்டையைத் தூக்கிக்கொண்டு வந்திருப்பார்கள். கப்பல் ஒதுங்கவே வழி இல்லாத இடத்தில்தான் இவ்வளவு பெரிய ஊரைக் கட்டியிருக்கிறார்கள்.

திரும்பி வரும்போது ரயிலில் எனக்குள் வாதாடிக்கொண்டே வந்தேன். கண்ணுக்குத் தெரிவதைத் தெரிந்துகொள்ள அவளுக்குக் கண் இருக்கிறது. தரையில் அதிர்வதைத் தெரிந்துகொள்ளக் கை கால் இருக்கிறது. இந்த இரண்டிலும் அவள் கெட்டிக்காரி. காதுக்கு மட்டுமே என்று ஒரு வேலை கொடுக்க வேண்டாமா? மற்ற இடங்களில் மேடம் சொன்னபடியே நடந்தேன். அந்த ஒரு வரியை மட்டும் விடவில்லை. மேடத்திடமும் சொல்லவில்லை. வாரம் இரண்டு நாள், அந்தப் பின்சுவர்கள் வரும்போதெல்லாம், "ஏரி. இங்க ஏரி இருந்துச்சு. பெரிய ஏரி."

ஆறு மாதம் முடிந்து பரிசோதனை நாள் வந்தது. முந்தின நாள் மாலையே எனக்குச் சளி பிடித்துத் தொண்டை கட்டிக்கொண்டது. காலையில் எழுந்தால் குரலே இல்லை. காற்று மட்டும் வந்தது. கணவர் இன்னொரு நாள் போகலாம் என்றார். நான் தலையை ஆட்டி மறுத்தேன். மாமனார் வெற்றிலையை மடித்துக்கொண்டே, "நம்ம வீட்ல இப்ப ஜாடை யாருக்குத் தேவைப்படுது பாத்தியா" என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது, சிரிக்கவும் சத்தம் வரவில்லை.

அன்றைக்கு ரயிலில் கொளவாய் ஏரி பேச்சில்லாமல் போனது. மரம், மலை எல்லாம் பேச்சில்லாமல் போயின. கீரைக்கார அக்கா கீரைப் பெயர்களைச் சொல்லிச் சமாளித்தார். அடையாற்றுப் பாலத்தில் மகள் தலையை நிமிர்த்தினாள். அதை நான் இப்போது கணக்கில் எடுத்துக்கொள்வதில்லை.

சைதாப்பேட்டையில் நின்று ரயில் கிளம்பியது. பின்சுவர்கள் வந்தன. துணிகள், குப்பை. மகள் ஜன்னலைப் பார்த்தபடி காத்திருந்தாள். பிறகு திரும்பி என் முகத்தைப் பார்த்தாள். நான் அவசரமாக வாயைக் கையால் மூடிக்கொண்டேன். என் உதட்டைப் பார்த்துவிடக் கூடாது என்ற பயம். அவள் மறுபடியும் வெளியே திரும்பினாள். ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, கனத்த குரலில், இழுத்து, "ஏஏ...யி" என்றாள்.

இறங்குவதற்காக மூட்டையைத் தலைக்கு ஏற்றிக்கொண்டிருந்த அக்கா அப்படியே நின்றார்.

"ஏரின்னு சொல்லுதுமா!"

எதிரில் இருந்த கல்லூரிப் பெண் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்து, "இங்க ஏது ஆன்ட்டி ஏரி? ஜவுளிக் கடைதான் இருக்கு" என்றாள்.

"இருந்துதும்மா. ஒனக்கு இன்னா தெரியும்" என்று அவளை அதட்டிவிட்டு அக்கா மாம்பலத்தில் இறங்கினார். நடைமேடையில் நின்று ஜன்னலைத் தட்டி, "டாக்டரம்மாவாண்ட சொல்லு. நான் சாட்சி" என்று கத்தினார்.

எழும்பூர் வருவதற்குள் எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. சும்மா ஒரு சத்தமாக இருந்தால்? நான் ஆசைப்பட்டுக் கேட்டதாக இருந்தால்? அக்காவும் என் மேல் இருந்த பரிவில் சொல்லியிருந்தால்? ஏற்கெனவே இரண்டு முறை ஏமாந்தவள் நான்.

மையத்தில் நடந்ததை ஒரு தாளில் எழுதிக் காட்டினேன். கீழ்ப்படியாமல் இத்தனை நாள் சொல்லி வந்ததையும் எழுதினேன். மேடம் இரண்டு முறை படித்தார். திட்டவில்லை. எழுந்து போய்க் கதவைச் சாத்தினார். மகள் தரைவிரிப்பில் முதுகைக் காட்டிக்கொண்டு பிளாஸ்டிக் வளையங்களை அடுக்கிக்கொண்டிருந்தாள். மேடம் அவளுக்குப் பின்னால், காலை அழுத்தாமல் மெதுவாக வந்து உட்கார்ந்தார். ஒரு அட்டையால் வாயை மறைத்துக்கொண்டார். வழக்கமான குரலில் சொன்னார்.

"ஏரி."

மகள் கையிலிருந்த வளையத்தை வைத்தாள். எங்கள் இரண்டு பேரையும் பார்க்கவில்லை. எழுந்து ஜன்னலுக்குப் போனாள். எட்டவில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டு ஏறி நின்று, கம்பியைப் பிடித்துக்கொண்டு, எதிர் வீட்டுச் சுவரையும் அதன் மேலிருந்த கறுப்புத் தண்ணீர்த் தொட்டியையும் ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டு நின்றாள்.